சைரன் கேட்டால்

தஞ்சாவூர் பேருந்தில் அன்று கூட்டமில்லை. நாகப்பட்டினத்தில் ஏறிய இரண்டு பெண்கள் எனக்கு முன் இருக்கையில் உட்கார்ந்தார்கள். மூத்தவள் சொன்னது காதில் விழுந்ததும் ஜன்னலிலிருந்து திரும்பினேன்.

"சைரன் அடிச்சா நான் என் வீட்டுக்குள்ள போகக்கூடாது."

"ஏன்க்கா அப்படி?"

"போர் வந்தா உதவுறதுக்குத் தொண்டரா பேரு குடுத்திருக்கேன்ல. எங்க தெரு ஆளுங்களப் பள்ளிக்கூடத்துல கொண்டுபோய்ச் சேக்குறது என் வேலை. ட்ரெயினிங் முடிஞ்சு, நேத்து ஒத்திகை வச்சாங்க."

"அப்ப மாமாவ யாரு தூக்குவா?"

"படுக்கையில கெடக்குற என் வீட்டுக்காரர யாரு பாப்பாங்கன்னு கேட்டேன். தொண்டர் வீட்டப் பக்கத்து வீட்டுக்காரங்க பாத்துக்கணும்னாங்க. பக்கத்து வீடு பூட்டிக் கெடக்கு. அவங்கள்லாம் துபாய்ல இருக்காங்க."

"நேத்து என்ன பண்ணாரு?"

"வாதம் வந்ததுலேர்ந்து படுக்கைதான. இது ஒத்திகைன்னு சொல்லிட்டுத்தான் போனேன். எல்லாரையும் சேத்துட்டு வந்து பாத்தா, தரையில கெடக்குறாரு. முழங்கையெல்லாம் ரத்தம்."

இளையவள் அவள் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"விழுந்துட்டாரா?"

"அவராத்தான் எறங்கியிருக்காரு. நெசமாவே குண்டு விழுந்தா எவ்வளவு தூரம் போக முடியும்னு பாத்தேன்னாரு. பாதிக் கூடம்கூடத் தாண்டல."

வெளியே அறுவடை முடிந்த வயல்கள் காய்ந்து கிடந்தன.

"பேர எடுத்துடுக்கா."

"அதைத்தான் நானும் சொன்னேன். வேண்டாங்குறாரு. தெருவுல பச்சப்புள்ளைங்க இருக்கு, நீ அதுங்களப் பாருங்குறாரு."

"வேற ஒண்ணும் சொல்லலியா?"

"போறப்ப கதவ வெளியில பூட்டாம போன்னாரு."