துவைத்த மஞ்சள் கவுன்

சலவைச் சோடா கொஞ்சம் கூடுதலாகப் போட வேண்டும், வெறும் வெந்நீருக்கு இந்த வாடை போகாது. தங்கை அந்தப் பையை என் கையில் கொடுத்தபோது நான் நினைத்தது இதுதான். அவள் அழுதுகொண்டிருந்தாள். நானும் அழுதேன்.

என் வேலை அப்படி. மற்றவர்கள் தூக்கியெறிந்த துணிகளைச் சேகரித்து, தையல் பிரித்து, சுவரில் மாட்டும் பெரிய கலைத் தொங்கல்களாக இணைக்கிறேன். எதுவுமே குப்பையில்லை என்று மேடைகளில் பேசுகிறேன். பட்டறைக்குள் வரும் எந்தத் துணியும் முதலில் தண்ணீரைப் பார்த்தாக வேண்டும். துவைக்காமல் இணைத்தால் ஒவ்வொன்றும் ஒவ்வொரு விதமாகச் சுருங்கி, மொத்தமும் கோணிக்கொள்ளும்.

தங்கை மகள் என்னைக் கந்தல் பெரியம்மா என்றுதான் கூப்பிடுவாள்.

"என் கவுன மட்டும் தொடாத. அது இன்னும் கந்தல் ஆகல" என்று இரண்டு கைகளாலும் இழுத்துப் பிடித்துக்கொள்வாள். காய்ச்சலோடு மருத்துவமனைக்குத் தூக்கிப்போனபோதும் அந்த மஞ்சள் கவுன்தான் போட்டிருந்தாள். திரும்பி வரவில்லை.

கவுனைத் தங்கை துவைக்கவில்லை. பிளாஸ்டிக் பையில் போட்டு வாயை இறுகக் கட்டி வைத்தாள். எப்போதாவது அவிழ்த்து, முகத்தை உள்ளே புதைத்து, உடனே கட்டிவிடுவாள். வாசனை தீர்ந்துவிடக் கூடாதாம். அவள் கணவர் பார்க்கச் சகிக்காமல், எரித்துவிடப் போவதாகச் சொல்லியிருக்கிறார். அதனால்தான் என்னிடம் கொண்டுவந்தாள்.

"அவிழ்த்துடாதக்கா. காத்து பட்டா போயிடும்."

"உன் புள்ள வாசம் எங்கடி போகும்? வச்சுட்டுப் போ."

அன்று மாலையே துவைத்தேன். தெரியாமல் செய்ததாகச் சொல்லமாட்டேன். வியர்வை பட்ட துணியைக் கட்டிவைத்தால் பூஞ்சை பிடிக்கும். ஒரு பைக்குள் தலையை விட்டுக்கொண்டு அவள் எத்தனை காலம் இருப்பாள்? அக்கா என்று நான் எதற்கு இருக்கிறேன்? கழுத்துப் பட்டியில் இருந்த மருந்துக் கறை மட்டும் லேசில் போகவில்லை. கட்டைவிரலால் தேய்த்தேன். பிறகு நிழலில் உலர்த்தி, தையல் பிரித்தேன்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். அப்போது செய்துகொண்டிருந்த தொங்கலின் நடுவில் வைக்க ஒரு மஞ்சளை வெகுநாளாகத் தேடிக்கொண்டிருந்தேன். மருத்துவமனைக் கட்டிலில் குழந்தை மூச்சு வாங்கிக்கொண்டிருந்தபோது, அவள் நெற்றியைத் தடவிக்கொண்டே, இதுதான் அந்த மஞ்சள் என்று நினைத்தேன். அவள் பிழைக்க வேண்டும் என்றும் வேண்டிக்கொண்டேன். இரண்டும் ஒரே நேரத்தில்தான்.

அந்தத் தொங்கலை மாட்டியிருந்த கண்காட்சிக்குத் தங்கையை நானே அழைத்தேன். நெகிழ்ந்துபோவாள் என்று நம்பினேன். அவள் நேராகத் தொங்கலின் நடுப்பகுதிக்குப் போனாள். மஞ்சளில் முகத்தை வைத்தாள். வெகுநேரம் எடுக்கவில்லை.

"சோப்பு வாசம்தான்க்கா வருது."

திட்டுவாள் என்று காத்திருந்தேன். திட்டவில்லை.

"வாசம் இல்லாட்டியும் பரவாயில்லக்கா. அந்தத் துணிய மட்டும் பிரிச்சுக் குடுத்துடு. கிழியாம பிரிக்க உனக்குத்தான் தெரியுமே."

தெரியும். அரைமணி நேர வேலை. அந்த இடத்தில் வேறொரு மஞ்சளை வைத்தால் பார்க்க வருகிறவர்கள் யாருக்கும் வித்தியாசம் தெரியாது.

அவள் கன்னத்தைத் துடைத்துவிட்டேன்.

"முடியாதுடி கண்ணு" என்றேன். "நீ எப்ப வேணாலும் வந்து பாத்துக்கோ."