நாற்பத்திரண்டு கதவுகள்

மணி ரெண்டே கால். ராசிபுரத்துக்கும் சேலத்துக்கும் நடுவே நாலுவழிச் சாலை. அந்நேரத்துக்கு முட்டை லாரிகள் மட்டும்தான் போகும்... அதுவும் பத்து நிமிஷத்துக்கு ஒன்று. பக்கத்தில் ஊர் கிடையாது, டீக்கடை கிடையாது. யாரோ மறந்துவிட்டுப் போன அண்டா மாதிரி அந்தக் கால்பந்து ஸ்டேடியம் மட்டும் பொட்டலில் கிடக்கும்.

அங்கே ராத்திரி வாட்ச்மேனாக இருந்தவர் செங்கோடன். நம் கதிருக்குப் பெண் கொடுத்தவர். முப்பது வருஷம் போர்வெல் போடுகிற ரிக் வண்டியில் பாறையோடு மல்லுக்கட்டிய உடம்பு. பேய் என்றால் காறித் துப்புவார். அவருக்கு நடந்ததுதான் இது. இப்போதுதான் சாப்பிட்டவர்கள் கொஞ்சம் தள்ளி உட்காருங்கள்... இது நாறுகிற கதை.

ஸ்டேடியத்து வாசலில் கருங்கல் பலகை ஒன்று உண்டு. முன்பு அந்த இடம் கோழிப் பண்ணை. பண்ணை நொடித்ததும் இடத்தை வாங்கி, பதினாலு மாதத்தில் கட்டினார்கள் என்று எழுதியிருக்கும். ஒன்பதாயிரம் இருக்கை. நாலு விளக்குக் கோபுரம். ஆடிக் களைத்தவர்கள் உட்கார ஐஸ் தொட்டி. கை நீட்டினால் தானாகத் தண்ணீர் கொட்டும் கழிப்பறைகள் நாற்பத்திரண்டு. எல்லாம் இருக்கும். அந்தப் புல்லை நட்டது யார் என்பது மட்டும் இருக்காது.

சேந்தமங்கலம் பக்கமிருந்து வந்த அறுபது பொம்பளைகள் நட்டது அது. நாற்று நடுகிற மாதிரி வரிசையாகக் குனிந்து, ஈரக் கோழி எருவில் கணுக்கால் புதைய நின்று நட்டார்கள். நகக்கண் சீழ் பிடித்தது. சோற்றுக் கையில் எரு நாற்றம் போகாது. அப்படிப்பட்டவர்களுக்கு அந்த நாற்பத்திரண்டில் ஒரு கதவுகூடத் திறக்கவில்லை. திறப்பு விழாவுக்குப் பெரிய மனிதர்கள் வருகிறார்கள், அதுவரை கறை படக்கூடாது என்று சூப்பர்வைசர் பிரபாகர் உத்தரவு. சாவிக்கொத்து செங்கோடன் இடுப்பில். பொம்பளைகள் மக்கில் தண்ணீர் மொண்டுகொண்டு, நாலுவழிச் சாலையைத் தாண்டி, கருவேலங்காட்டுக்கு ஓடுவார்கள்.

விழாவுக்கு நாலு நாள் இருந்தது. சொட்டை விழுந்த இடத்தில் புல் ஒட்ட ராத்திரி வேலை. சித்ரா என்று ஒருத்தி, முப்பது வயசு இருக்கும். அன்றைக்கு அவளுக்கு வயிற்றால் போய்க்கொண்டிருந்தது. செங்கோடனிடம் இரண்டு தடவை சாவி கேட்டாள். முடியாது என்று அனுப்பினார். மூன்றாம் தடவை ரெண்டே காலுக்கு வந்தபோது நிற்க முடியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"ஏனுங்ணா... ஒரே ஒருக்கா. நானே கழுவி உட்டர்றனுங்க."

உத்தரவு பிரபாகருடையது. ஆனால் அடுத்து வந்த சொல் செங்கோடனுடையது.

"கோழிப் பீயில நிக்கிறவளுக்கு இந்தக் கக்கூசு கேக்குதா? ரோட்டத் தாண்டிப் போ."

சுற்றி இருந்த ஆம்பளைகள் சிரித்தார்கள். அவள் ரோஸ் நிற மக்கை எடுத்துக்கொண்டு போனாள். ஐந்து நிமிஷம் கழித்து பிரேக் சத்தம்... அப்புறம் அட்டை அட்டையாக முட்டை சரிகிற சத்தம். தார் ரோட்டில் மஞ்சள் கருவும் மற்றதும் கலந்து கிடந்ததை விடிவதற்குள் கழுவிவிட்டார்கள். வளாகத்துக்கு வெளியே நடந்த விபத்து என்று முடித்தார்கள். விசாரிக்க வந்த போலீசிடம் செங்கோடன் சொன்னது ஒரே வரி.

"எங்கிட்ட அந்தப் புள்ள சாவியே கேக்கலீங்க."

விழா நடந்தது. மாலை போட்டுக்கொண்டார்கள். பிரியாணிப் பொட்டலங்களைக் கண்ட இடத்தில் எறிந்துவிட்டுப் போனார்கள்.

விழா முடிந்து மூன்றாவது வாரம். ரெண்டே காலுக்குச் செங்கோடனுக்கு வயிற்றைப் பிசைந்தது. ஒன்றுக்கு என்றால் ஆம்பளை எங்கேயும் போவான்... இது அது இல்லை. மைதானத்தைச் சுற்றிலும் கேமரா வேறு. கழிப்பறை நடைக்கு ஓடினார். விழாவோடு பூட்டை எடுத்துவிட்டிருந்தார்கள். ஒவ்வொரு கதவிலும் தாழ்ப்பாளுக்கு மேல் ஒரு சின்ன வட்டம். ஆள் இல்லாவிட்டால் பச்சை, உள்ளே தாழிட்டால் சிவப்பு.

முதல் கதவு சிவப்பு.

அடுத்ததும் சிவப்பு. அதற்கடுத்ததும்... கடைசிவரை நடந்து பார்த்தார். நாற்பத்திரண்டும் சிவப்பு.

ஆள் அரவம் இல்லை. நாற்றம்தான் வந்தது. பினாயில் இல்லை... மழையில் ஊறின கோழி எரு. தொண்டையில் போய் ஒட்டிக்கொண்டது. கதவடி இடுக்கில் குனிந்து பார்த்தார். கால் தெரியவில்லை. வெள்ளைத் தரையில் ஈரச் சேறும், அதில் புல் வேரும் ஒட்டிக் கிடந்தன. தட்டினார். ஒவ்வொன்றாகத் தட்டிக்கொண்டே போனார். வேட்டி நனைய ஆரம்பித்துவிட்டது. கடைசிக் கதவுக்குப் பின்னாலிருந்து, கோபமே இல்லாமல், மரியாதையாக ஒரு குரல்.

"ரோட்டத் தாண்டிப் போங்ணா."

வெளியே ஓடினார். கேட்டுக்குப் பக்கத்துக் குழாயடியில் ஒரு ரோஸ் நிற மக், தண்ணீர் ததும்ப இருந்தது. யோசிக்கிற நிலையில் அவர் இல்லை. எடுத்துக்கொண்டு ரோட்டில் இறங்கினார். லாரி ஹாரன் அடித்ததாம்... அவருக்குக் கேட்கவில்லை.

இடது கால் முட்டிக்குக் கீழே போய்விட்டது. கழிப்பறை நடையிலிருந்த கேமராவில் பார்த்தார்கள். நாற்பத்திரண்டு கதவும் பச்சைதான். ஒருத்தர் மட்டும் ஒவ்வொரு பச்சைக் கதவையும் தட்டித் தட்டிக் கெஞ்சிக்கொண்டிருந்தார்.

ஆஸ்பத்திரியில் கதிரிடம்தான் எல்லாவற்றையும் கக்கினார். மூன்று தடவை கேட்டாள் என்றும், தான் சொன்ன சொல்லையும். போலீசிலும் போய்ச் சொல்லிவிடுங்கள் மாமா என்றான் கதிர். செத்தவள் செத்துவிட்டாள், பென்ஷன் இல்லாத வேலை, இதெல்லாம் எதற்கு என்று திரும்பிப் படுத்துக்கொண்டார்.

போன மாதம் கதிர் வீட்டுக்குக் கூட்டி வந்துவிட்டார்கள். வீட்டில் அவரோடு சேர்த்து நாலே பேர். கொல்லையில் தகரக் கதவு போட்ட கக்கூஸ், உள்ளே ஒரு கொக்கி. வந்த மூன்றாம் ராத்திரி, ரெண்டே கால் இருக்கும், கதிர் பெண்டாட்டி சௌந்தர்யா எழுந்து போனாள். உள்ளே கொக்கி போட்டிருந்தது. தண்ணீர் மொண்டு ஊற்றுகிற சத்தம். அப்பா போலிருக்கிறது என்று காத்து நின்றாள்... ஊன்றுகோல் சத்தம் பின்னாலிருந்து வந்தது. கதிரும் அவன் அம்மாவும் எழுந்து வந்தார்கள். நாலு பேரும் கொல்லையில் நிற்கிறார்கள். உள்ளே இன்னும் மொண்டு ஊற்றுகிறார்கள்.

செங்கோடன் தகரத்தில் நெற்றியை வைத்துக்கொண்டு மெல்லச் சொன்னாராம்.

"நீ சாவி கேட்டது நெசந்தான் சாமி."

தண்ணீர்ச் சத்தம் நின்றது. கொக்கி விலகவில்லை.

சௌந்தர்யாவுக்கு இது ஏழாம் மாதம். அடக்க முடியவில்லை. விளக்கைப் போட்டு வாசல் கதவைத் திறந்தாள். படியில் ஒரு ரோஸ் நிற மக் நிறையத் தண்ணீரோடு இருந்தது.

கதிர் வீடும் ரோட்டைப் பார்த்த வீடுதான்.