ஏறாத தவணை

ஹலோ... ஹலோ... பாப்பா இல்ல, நான். உன் அண்ணி. ஆமா, இது பாப்பாவோட பழைய நம்பர்தான். என் நம்பர்ல கூப்பிட்டா நீ எடுக்க மாட்டேங்கறியே, அதான் என் பொண்ணு நம்பர்னா எடுப்பியேன்னு, அவ வேலைக்குச் சேர்ந்தப்ப டிராயர்ல போட்ட பழைய சிம்மைத் தேடிப் போட்டேன்... ஏன், அவ பேரைப் பார்த்ததும் உனக்கு ஏன் குரல் அப்படிப் போகுது?... சரி, சரி, ஒண்ணுமில்ல. விடு.

எங்க இருக்கே?

... ஓ, வெளியூர். யாரோ பெரிய பார்ட்டியைப் பார்க்கப் போயிருக்கே. ம்... ம்... எப்ப வருவே?... நாளை மறுநாளா. கார்லயா போனே?... கார்லதான். தூரமோ?... இருக்கும், இருக்கும்.

குட்டி, உன் கார் மேல ஒரு காக்கா உக்காந்திருக்கு.

... காக்கா. கறுப்பா, ரெண்டு காலோட. கண்ணாடி மேல போட வேண்டியதைப் போட்டுட்டு என்னையே பார்த்துக்கிட்டிருக்கு. பின்னாடி ஸ்டிக்கர்கூடத் தெரியுது. 'வீட்டுக் கடனா? கவலையை எங்ககிட்ட விடுங்க.' கீழ உன் போன் நம்பர்... ஆமா. உன் ஆபீஸ் பார்க்கிங்லதான் நிக்கறேன்.

வேண்டாம், இறங்கி வராதே. வந்தா உன் மூஞ்சியைப் பார்ப்பேன், பார்த்தா மனசு இளகிடும். பதினாலு வயசுலேருந்து சோறு போட்ட மூஞ்சியாச்சே. இன்னிக்கு இளகக்கூடாது. போன்லயே பேசு.

... பேங்க்லேருந்து நேரா வர்றேன். ஆமா, பேங்க்... உன்கிட்ட ஏன் சொல்லாமப் போனேனா? அது என்ன உன் மாமியார் வீடா, உன்னைக் கேட்டுட்டுப் போக? என் லோன், என் வீடு, என் கால். போனேன்.

சும்மா இரு. நான் பேசி முடிச்சுடறேன்.

உங்க அண்ணன் இந்த வெள்ளிக்கிழமையோட வேலையை விடறார், தெரியுமில்ல? அந்தக் கிரேன்ல ஏணி ஏறி ஏறி முட்டி ரெண்டும் தேஞ்சு போச்சு. இனிமே ஏணியே கூடாதுன்னு டாக்டர் சொல்லிட்டார். கம்பெனி குடுக்கப் போறது பதினஞ்சு லட்சம். நம்ம லோன் முப்பது லட்சம், இருபது வருஷம். பத்து வருஷம் ஓடிடுச்சு. அப்ப பாதி போயிருக்கும், மிச்சம் பதினஞ்சு. அவர் பணத்தை அப்படியே கொண்டு போய்க் கட்டினா வீடு நம்மளது. இதான் எங்க கணக்கு. போன மாசம் உன்கிட்டயும் சொன்னோம். நீ தலையை ஆட்டினே.

... ஆட்டினே! என் சோபால உக்காந்து, நான் போட்ட காபியைக் குடிச்சுக்கிட்டு ஆட்டினே. குடிக்கறப்ப தலை தானா ஆடுமோ?

பேங்க் கவுண்டர்ல ஒரு பொண்ணு. எவ்வளவு கட்டினா லோன் முடியும்னு கேட்டேன். வாயில எதையோ மென்னுக்கிட்டே தட்டிப் பார்த்துட்டு, இருபத்தஞ்சுன்னா. நான் லூசு மாதிரி ஆயிரமான்னு கேட்டேன்... சிரிக்கறியா? சிரிப்பியா நீ?... இருமலா. சரி, இருமு. லட்சம்னா. வேற யாரோட கணக்கையோ பார்க்கறே, கண்ணை நல்லாத் தொறந்து பாரும்மான்னு சத்தம் போட்டேன். வரிசைல நின்ன அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தாங்க. அவ பேசாம ஸ்கிரீனை என் பக்கம் திருப்பினா. என் பேரு. உங்க அண்ணன் பேரு. இருபத்தஞ்சு லட்சம்.

இந்தப் பத்து வருஷத்துல நாங்க கட்டினது முப்பத்தோரு லட்சம். வாங்கினதே முப்பது. முப்பத்தொண்ணைக் கட்டின பிறகும் கடன்ல குறைஞ்சது வெறும் அஞ்சு.

... தெரியும். தெரியும்! இப்பத் தெரியும்! முதல்ல கட்டறதெல்லாம் வட்டிக்கே போயிடும், அசல்ல கிள்ளித்தான் எடுப்பாங்க, அதெல்லாம் அவ சொல்லிட்டா. எனக்கு என்ன கேள்வின்னா, அதை அன்னிக்கு நீ ஏன் சொல்லலை? கையெழுத்துப் போடறப்ப, இங்க போடுங்க அண்ணி, இங்க போடுங்க அண்ணின்னு பென்சில்ல புள்ளி வச்சுக் காட்டினியே, அந்த நேரத்துல இதை ஒரு வாய் சொல்லியிருக்கலாமில்ல?

... 'எல்லா லோனும் அப்படித்தான்.' சரி. ஒத்துக்கறேன். எல்லா லோனும் அப்படித்தான்.

அப்ப இதுக்குப் பதில் சொல்லு. இருபது வருஷம் எப்படிடா இருபத்தாறு ஆச்சு?

சுத்தி வளைக்காம பேசு.

... ம்... ம்... வட்டி ஏறிச்சு. ஆமா... தவணையை ஏத்தலை, அதுக்குப் பதிலா வருஷத்தை ஏத்திட்டாங்க. அழகா இருக்குடா! இடுப்பு இறுக்குதுன்னு ஒருத்தன் பேண்ட்டைக் கொண்டு வந்தா, நான் காலை இறக்கித் தைச்சுக் குடுத்தா எப்படி இருக்கும்? செருப்பாலயே அடிக்க மாட்டான்?

உங்க அண்ணனுக்கு இப்ப அம்பத்தெட்டு. இன்னும் பதினாறு வருஷம். எழுபத்திநாலு ஆகும் அவருக்கு! அந்த வயசுல அவர் கிரேன்ல ஏறணுமா, இல்ல கிரேன் வச்சு அவரைத் தூக்கணுமா? சொல்லு!

... என்னது?... நான் சரின்னு சொன்னேனா? நானா? எப்ப?

... ...

ஆமா. கூப்பிட்டே. ஞாபகம் இருக்கு. கல்யாணப் பொண்ணு ஒருத்தியை ஸ்டூல் மேல நிக்க வச்சு, கீழ்விளிம்பு மடிச்சுக் குத்திக்கிட்டிருந்தேன். வாய் நிறைய குண்டூசி. காதுக்கும் தோளுக்கும் நடுவுல போன். 'அண்ணி, வட்டி ஏறியிருக்கு, ஆனா நம்ம தவணை ஏறாம நான் பார்த்துக்கறேன், சரியா?'ன்னே. நான் 'ம்'னேன். அவ்வளவுதான் என் வாய்ல வரும், குண்டூசியை முழுங்க முடியுமா? ஆனா குண்டூசி இல்லாட்டியும் நான் ம்னுதான் சொல்லியிருப்பேன். ஏன்னா நீ பாதியை மட்டும்தானே சொன்னே! தவணை ஏறாதுன்னியே, வருஷம் ஏறும்னு சொன்னியா? அந்த மீதி வாக்கியம் உன் வாயில ஏன் வரலை? உன் வாயிலயும் ஊசி இருந்துச்சா?

இரு, இரு, ஒரு நிமிஷம்... என்னங்க?... இல்ல செக்யூரிட்டி சார், காரை ஒண்ணும் செய்யலை, சும்மா சாஞ்சிருக்கேன். இது எங்க வீட்டு ஆள் காருதான். கத்தரிக்கோலா? அது என் தொழில் சாமான், பையிலதான் இருக்கும்... சரி, தள்ளி நிக்கறேன். போங்க.

ஹலோ. உன் காருக்கு இங்க காவல் எல்லாம் இருக்கு, குட்டி. எங்க வீட்டுக்குத்தான் யாரும் இல்ல.

உனக்குத் தெரியுமா, எதிர் ஃப்ளாட் டீச்சர். எங்களோட அதே மாசம் லோன் வாங்கினவ. வட்டி ஏறினப்ப அவளுக்குத் தவணை நாலாயிரம் கூடிடுச்சுன்னு எங்கிட்ட வந்து அழுதா. நான் என்ன சொன்னேன் தெரியுமா? 'என் கொழுந்தன் பேங்க்ல பேசி வச்சிருக்கான், எங்களுக்கு ஏறாது'ன்னு பெருமை பீத்தினேன். பாவம் கஷ்டப்படறாளேன்னு அவ பையன் யூனிபார்முக்குக் கூலியே வாங்கலை. 'உங்கள் தவணையில் மாற்றம் இல்லை'ன்னு மெசேஜ் வர்றப்பல்லாம் அவகிட்ட காட்டினேன்டா. மூணு தடவை வந்துச்சு. மூணு தடவையும் காட்டினேன். அவ இன்னும் பத்து வருஷத்துல முடிச்சுடுவா. நான் அவளைப் பார்த்துப் பாவப்பட்டிருக்கேன்!

... ஆமா... ஆமா... நீ இல்லாட்டி நாங்க அந்த ஒழுகற வாடகை வீட்டுலயேதான் இருந்திருப்போம். அதை மறக்கலை. ஆபீஸ் ஆபீஸா நீ அலைஞ்சே. அதையும் மறக்கலை. அதுக்கு உனக்குக் கமிஷன் வந்துச்சு, அதை நீ சொல்லலை. போகட்டும், உழைப்புக்குக் கூலி, நானும் கூலி வாங்கறவதான். ஆனா உன் முதல் இன்டர்வியூவுக்கு உங்க அண்ணன் பேண்ட்டைப் பிரிச்சு உன் அளவுக்குத் தைச்சேனே, எங்க சுருக்கினேன், எங்க ஒட்டுப் போட்டேன்னு எல்லாம் உன்கிட்ட காட்டிட்டுத்தானே குடுத்தேன்? நீயும் எனக்குக் காட்டியிருக்கலாமில்ல?

... அழறியா என்ன?... சரி. நீ அழலை.

கேளு. அந்தப் பொண்ணு இன்னொண்ணும் சொன்னா. பதினஞ்சு லட்சத்தையும் அசல்ல போட்டுட்டு, அதே தவணையை விடாம கட்டினா, நாலு வருஷத்துல முடிஞ்சுடும். நாலே வருஷம். தவணையைக் குறைக்கச் சொல்லிடாதீங்க, வருஷத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் குடுங்கன்னா. அதான் செய்யப் போறோம். நான் ஸ்கூல் யூனிபார்ம் ஆர்டர் எடுப்பேன். உங்க அண்ணனுக்கு முட்டிதான் போச்சு, கை போகலை. உக்காந்து பட்டன் தைக்கட்டும்.

... ஏன்? ஏன் வேண்டாம்?... கைப்பணத்தைத் தொடக்கூடாதா? வேற எதுலயோ போட்டுத் தர்றியா? அதுல உனக்கு எவ்வளவு?... வேற வழி இருக்கா. சொல்லு, என்ன வழி... ம்... இந்த லோனை மூடிட்டு, வேற பேங்க்ல புது லோன்... ம்... தவணை ஆறாயிரம் குறையுமா. ஆறாயிரமா!... எத்தனை வருஷம்?... எத்தனை வருஷம்னு கேட்டேன்... ராகம் பாடாதே, நம்பரைச் சொல்லு.

இருபத்தஞ்சு.

நீ திருந்தவே மாட்டே.

... பேசியாச்சா? யார்கிட்ட பேசியாச்சு?... உங்க அண்ணன்கிட்டயா? அவர் சரின்னுட்டாரா?... அவர் எதுக்குத்தான் சரின்னு சொல்ல மாட்டார், நீ சொன்னா! கிணத்துல குதின்னு சொன்னாலும் எந்தப் பக்கம்னுதான் கேப்பார்... இரு. இரு இரு. அவர்தான் வெள்ளிக்கிழமையோட வேலைல இல்லையே. சம்பளம் இல்லாத ஆளுக்கு எவன் இருபத்தஞ்சு வருஷத்துக்கு லோன் குடுப்பான்? யார் பேர்ல குடுக்கறான்?

... கூட ஒருத்தர் சேரணுமா. சம்பளம் வாங்கறவங்க... 'நம்ம வீட்டு ஆள்தான்'னா? நம்ம வீட்டுல சம்பளம் வாங்கற ஆள் வேற யாரு...

குட்டி.

உன் காருக்கு அந்தப் பக்கம் ஒரு ஸ்கூட்டர் நிக்குது. இவ்வளவு நேரம் எனக்குத் தெரியலை, கார் மறைச்சிடுச்சு. சீட்டுக்குப் பூப்போட்ட துணியில உறை. கடையில மிஞ்சின திரைச்சீலைத் துணி. ஓரத்துல நூல் கலர் தீர்ந்து போய்ப் பாதி நீலம், பாதி பச்சை. நான் தைச்சது.

பாப்பா மேல இருக்காளா?

... வாயைத் தொறந்து சொல்லு. உன் பக்கத்துல உக்காந்திருக்காளா?... அதான் அவ பேரைப் பார்த்ததும் அப்படிப் பதறினியா? அவ பக்கத்துல இருக்கா, அவ நம்பரும் அடிக்குதேன்னு... குடு. போனை அவகிட்ட குடு. அண்ணியும் கிடையாது, ஒண்ணும் கிடையாது, குடுடா போனை!

...

பாப்பா... அம்மாதான்... இல்லடா, உன்னைத் திட்டலை. அழாதே. கையெழுத்துப் போட்டுட்டியா?... எத்தனை பக்கம்?... கடைசிப் பக்கம் பாக்கி இருக்கா? பென்சில்ல புள்ளி வச்சிருக்காரா? ஆமா, வைப்பார். அதுல போடாதே.

... தெரியும், அப்பாவுக்காகத்தான். அப்பா இனிமே ஏணி ஏறக்கூடாதுன்னுதான். அவர் ஏற மாட்டார், அம்மா சொல்றேன். ஆனா நீ ஏறக்கூடாது... உனக்கு இப்ப என்ன வயசு? இருபத்தஞ்சு. அவங்க கேக்கறதும் இருபத்தஞ்சு வருஷம். முடியறப்ப உனக்கு அம்பது, பாப்பா. என் வயசு. நீ நல்லா என் மூஞ்சியை நினைச்சுப் பாரு, அதுவரைக்கும் கட்டணும்.

... சித்தப்பா அப்படிச் சொன்னாரா? தவணை ரொம்பக் கம்மியா?... கட்டறதே தெரியாதா?... ஆமாடா. பொய் சொல்லலை அவர். எங்களுக்கும் அப்படித்தான் இருந்துச்சு. பத்து வருஷமா சல்லிக்காசு ஏறலை.

பேனாவை மூடு... மூடிட்டியா? சித்தப்பா கையில போனைக் குடுக்காதே, நீயே வச்சிடு. நான் மேல வர்றேன்.