வாய் கொப்பளிச்ச கிணறு

கடலும் உப்பும் கப்பலும் வெள்ளைக்காரன் கையில இருந்த நாள். முத்தாண்டித்துறைங்கற ஊர்ல பொன்னுரங்கம்னு ஒரு மனுசர் இருந்தாராம். 'கரைவிளக்கு'னு வாரப் பத்திரிகை நடத்தினார். எழுதறதும் அவரே, அச்சுக் கோக்கறதும் அவரே. அவர் மீசை மட்டும் தனியா ரெண்டு ஆள் வேலை பார்க்கும்னு சொல்வாங்க. கூட நின்னு பார்த்தவங்க யாரும் இல்ல.

அந்தக் கடற்கரையில ஒரு கொட்டகை. அக்கரைத் தோட்டத்துக்குக் கூலிக்குப் போறவங்களக் கப்பல் வர்ற வரைக்கும் அதுலதான் அடைச்சு வெப்பாங்க. ஒரு வருசம் உள்ள பேதி புகுந்துடுச்சு. செத்தவங்கள மணல்ல புதைச்சுட்டு, "எல்லாரும் கப்பலேறிட்டாங்க"ன்னுட்டான் கூலிக்கு ஆள் பிடிக்கற கங்காணி. தப்பிச்சு வந்தவங்க அச்சாபீஸ் வாசல்ல வந்து நின்னு, செத்தவங்க பேரை ஒவ்வொண்ணாச் சொன்னாங்க.

"ஐயா, மாயழகு மகன் செவத்தான்."

"ஐயா, பூவாயி. கைக்குழந்தையோட."

பொன்னுரங்கத்துக்கு ஒரு வழக்கம். வாயால உரக்கச் சொல்லிச் சொல்லித்தான் எழுத்தை எடுத்து அடுக்குவார். சொல்லலேன்னா கை ஓடாது. வாரம் முச்சூடும் அவர் வாய்ல செத்தவங்க பேருதான்.

பத்திரிகையால கொட்டகைக்குப் பூட்டு விழுந்துச்சு. அடுத்தாப்ல எலெக்‌ஷன். வரி கட்டறவனுக்குத்தான் ஓட்டு. அவங்க அத்தனை பேரும் இவருக்கே போட்டாங்க. அச்சாபீஸப் பூட்டிட்டுப் பட்டணத்துச் சட்டசபைக்குப் போயிட்டார்.

அங்க ஒரு துரை, சிரிச்ச முகம். "உமக்கு மந்திரி பதவி. அதுக்கு முன்னால சபையில ஒரு வார்த்தை சொல்லும். கொட்டகையில யாரும் சாகல, அவசரத்துல எழுதிட்டேன்னு. கொட்டகையத் திறக்கணும், கப்பல் காத்துக் கெடக்கு."

பொன்னுரங்கம் யோசிச்சார். மந்திரியானா ஊருக்கு ஒரு ஆஸ்பத்திரி கட்டலாமே. செத்தவன் எழுந்து வந்தா கேக்கப்போறான்? சபையில எழுந்தார், சொன்னார், உக்காந்தார். எல்லாரும் மேசையத் தட்டினாங்க. நாக்கு கொஞ்சம் கசந்துச்சாம். வெத்தலையில சுண்ணாம்பு கூடிப்போச்சுன்னு நெனச்சுக்கிட்டார்.

பதவியேத்துக்கறதுக்கு முன்னால ஊருக்கு வந்தார். சம்சாரம் தையல்நாயகி காபி கொடுத்தா. 'சர்க்கரை பத்தல'ன்னு சொல்ல வாயைத் திறந்தார்.

"மாயழகு மகன் செவத்தான்."

"என்னது? பட்டணத்துல சர்க்கரைக்கு அப்படியா பேரு?"

"பூவாயி."

"யாருங்க பூவாயி?" அந்தம்மா குரலே மாறிடுச்சு.

"கைக்குழந்தையோட."

சிரிக்காதீங்க. அந்தம்மா சிரிக்கல. ஏன்னா அது அவர் குரலே இல்லையாம். செவத்தான்னா இளவட்டக் குரல், பூவாயின்னா பொம்பளைக் குரல். குழந்தைக்குப் பேரில்ல பாருங்க, அதுக்கு அழுகை வந்துச்சு. மீசைக்கு நடுவுலேருந்து பச்சைக் குழந்தை அழுகை.

அன்னிக்கு வாசல்ல நின்னவங்களுக்கு நீராகாரம் ஊத்தினவ இந்தத் தையல்நாயகிதான். புரிஞ்சுபோச்சு. "இவங்க சாகலைன்னு சொல்லிட்டு வந்தீங்களா?"

ஆமான்னும் வரல, இல்லைன்னும் வரல. இன்னொரு பேரு வந்துச்சு.

வைத்தியர் தேன் தடவினார். பூசாரி வேப்பிலை அடிச்சார், நாக்குல சூடம் கொளுத்தினார். சூடம் அணைஞ்சுச்சு, பேரு அணையல. பிரமாணம் எடுக்கற நாளோ நெருங்குது.

தையல்நாயகி சொன்னா: "அதே சபைக்குப் போங்க. அதே வாயால இந்தப் பேரையெல்லாம் சொல்லுங்க. எறங்கிடும். பதவிதானே, போனாப் போவுது. அச்சாபீஸ் சாவி எங்கிட்டதான் இருக்கு."

அவர் தலையை ஆட்டினார். மாட்டேன்னு.

உச்சி வெயில்ல கொட்டகைப் பக்கத்துக் கிணத்துக்குப் போனார். தண்ணி இறைச்சு, கொப்பளிச்சு, உள்ளேயே துப்பினார். ஊர் குடிக்கற கிணத்துல துப்பக் கூடாதுன்னு தெரியாதா அவருக்கு? மந்திரி ஆசை கண்ணை மறைச்சுடுச்சு. ஒரு கொப்பளிப்புக்கு ஒரு பேரு. தண்ணியில விழற சத்தம் கல்லு விழற மாதிரி கேட்டுச்சாம். பொழுது சாய வாய் சுத்தம். சந்தோசமா, 'தையலு'ன்னு கூப்பிடப் பார்த்தார்.

வரல. பேரோட பேச்சும் உள்ள போயிடுச்சு.

ஊமையாவே மந்திரியானார். பிரமாணத்த வேற ஒருத்தர் வாசிக்க, இவர் தலையாட்டினார். துரைமாருக்கு ரொம்பப் பிடிச்சுப்போச்சு, இப்படி ஒரு மந்திரிய அவங்க பார்த்ததே இல்ல. ஆஸ்பத்திரி கேக்கணும்னு எழுந்து நிப்பாராம், நின்னுட்டு உக்காருவாராம். எழுதிக் கேக்கலாமேங்கறீங்களா? வாய் சொல்லாம அவர் கை என்னிக்கு ஓடிச்சு?

கொட்டகை திறந்துச்சு. கங்காணி புதுசா சனத்த ஓட்டிக்கிட்டு வந்தான். எல்லாருக்கும் தாகம். ஒருத்தி கிணத்துல வாளிய விட்டா. கயிறு எறங்க எறங்க உள்ளேருந்து குரல்: "மாயழகு மகன் செவத்தான்."

கூட்டத்துல ஒரு கிழவன் அப்படியே நின்னான். "அடேய் கங்காணி, எம்மவன்டா அது! அக்கரையில சொகமா இருக்கான்னு சொல்லித்தானே என்னையும் கூட்டியாந்தே!"

கிணத்துக்குள்ள குழந்தை அழுதுச்சு. அவ்வளவுதான், கூட்டம் வந்த வழியே திரும்பிடுச்சு. கப்பல் வெறுங்கூடாப் போச்சு.

சேதி கேட்டு மந்திரி ஓடி வந்தார். கிணத்தடியில உக்காந்தவர் அப்புறம் பட்டணம் போகவே இல்ல. உள்ளேருந்து பேரு வரும்போதெல்லாம் அவர் உதடும் கூடவே அசையுமாம், சாகற வரைக்கும்.

இன்னிக்கும் முத்தாண்டித்துறையில ஓட்டு கேட்டு வர்றவங்களுக்கு மாலை கிடையாது. அந்தக் கிணத்துத் தண்ணிய ஒரு செம்புல நீட்டுவாங்க.

"கொப்பளிச்சுட்டுப் பேசுங்கய்யா. வெளிய துப்புங்க. உள்ள எடமில்ல."