கனவான் உதைத்த உதை

— அதெல்லாம் சரி, சின்ன முதலாளி. மைதானத்துல பலகை வைக்கிறாங்க, உங்க பேரப் பொறிக்கிறாங்க. அதுக்கு நான் எதுக்கு வரணும்?

— எனக்கு ஐம்பத்தேழு வயசாகுது, ஹெஸ்டரம்மா. இன்னும் சின்ன முதலாளியா?

— உங்கப்பா மில்லுல தறி ஓட்டினவ வேற எப்படிக் கூப்பிடுவா? தொப்பிய மேசையில வைக்காதீங்க, மாவு கெடக்கு.

— பலகையில என்ன எழுதியிருக்காங்க தெரியுமா? 'லயனல் தோர்ன்லி. கிரிக்கெட்டிலும் கால்பந்திலும் இங்கிலாந்துக்காக ஆடியவர். ஆட்டத்தைக் காசுக்கு விற்காதவர். கனவான்.' வாசிச்சுக் காட்டினாங்க. பாதியிலயே நிறுத்தச் சொல்லிட்டேன்.

— ஏன், பொய்யா?

— கவுண்டி கிரிக்கெட் கிளப்புல என்னைச் செயலாளர்னு போட்டாங்க. பத்து வருஷத்துல ஒரு கடுதாசி எழுதினதில்ல. ஆனா மாசாமாசம் சம்பளம் வந்தது, ஆடுறதுக்குத்தான். பந்து போட்டே பிழைச்ச மனுஷங்க பக்கத்துச் சந்து வழியா மைதானத்துக்குள்ள வந்தாங்க, நான் முன்வாசல் வழியா வந்தேன். அவ்வளவுதான் வித்தியாசம்.

— அவுட்டுனா நடுவர் கைய தூக்குறதுக்கு முன்னாடியே நடந்து போயிடுவீங்கன்னு ஊரே பேசுமே.

— நூறு அடிச்ச பிறகு நடந்து போறது சுலபம். மூணு ரன்ல நிக்கும்போது மட்டையில பந்து உரசினா, கையுறையச் சரி பண்ணிக்கிட்டு அப்படியே நிப்பேன். என் முகத்தப் பார்த்துட்டு நடுவர் தலைய ஆட்டிடுவார். தோர்ன்லி நிக்கிறார்னா அவுட் இல்லன்னு அர்த்தமாம். சீ.

— இதச் சொல்லவா இவ்வளவு தூரம் வந்தீங்க? எம்புருசன் ஜேபஸ் போய்ச் சேந்து நாலு மாசம் ஆச்சு. அவரு முழங்காலப் பத்தி பேச வந்தா பேசுங்க. இல்ல, வண்டி நிக்குது.

— அதுக்குத்தான் வந்தேன்.

— அப்ப சொல்லுங்க. நான் மாவு பிசைஞ்சுக்கிட்டே கேக்குறேன். உங்க முகத்தப் பாக்க எனக்குப் பிடிக்கல.

— அந்தக் கால்பந்துக் கோப்பை ஆட்டத்துல ஜேபஸ் பந்தோட என்னை மூணு தடவை ஏமாத்திட்டுப் போனார். மூணாவது தடவை நான் சேத்துல விழுந்தேன். உங்க ஊர்க்காரங்க சிரிச்ச சிரிப்பு இருக்கே... பல்கலைக்கழகத்துல படிச்சவன், இங்கிலாந்து சட்டை போட்டவன், எங்கப்பா மில்லுல நெசவு பண்ற ஆளுக்கு முன்னாடி சேத்துல கிடக்கிறேன். நாலாவது தடவை அவர் வரும்போது நான் பந்தப் பார்க்கவே இல்ல. முழங்காலத்தான் பார்த்தேன்.

— வெறகு ஒடியற சத்தம். வேலிக்கு இந்தப் பக்கம் எனக்கே கேட்டுச்சு.

— நடுவர் ஓடி வந்து கேட்டார். 'விபத்து'ன்னேன். கனவான் சொன்னா அதுக்கு மேல கேள்வி உண்டா? தட்டியில போட்டு ஜேபஸைத் தூக்கிட்டுப் போனாங்க. மாத்து ஆள் கிடையாது, மீதி நேரம் உங்க பக்கம் பத்து பேர்தான் ஆடினாங்க. அப்புறம் எங்களுக்கு ஒரு பெனால்டி கிடைச்சது.

— அந்தக் கதைதான் எல்லா பேப்பர்லயும் வந்துச்சே.

— ஆமா. பெனால்டியில கோல் போடுறது எங்க ஆளுங்களுக்கு அவமானம். எதிராளி வேணும்னே தப்பு பண்ணுவான்னு ஒத்துக்கிற மாதிரியாம். அதனால பந்த வேணும்னே வெளிய உதைச்சேன். கூட்டம் எழுந்து நின்னு கை தட்டிச்சு. அரைமணி முன்னாடி ஒரு மனுஷன் காலை முறிச்ச அதே கால். அந்த உதைக்குத்தான் இந்தப் பலகை.

— இன்னிக்குத்தான் அசிங்கமா தெரியுதா? எம்புருசன் கோலூன்றி மில்லு கேட்டு வரைக்கும் நடந்ததப் பாத்தப்பத் தெரியலையா? நீங்க குதிர வண்டியில போவீங்க, அவரு கேட்டத் தெறந்து விடுவாரு. ஒரு நாளாவது எறங்கி 'தப்பு பண்ணிட்டேன் ஜேபஸ்'னு சொன்னீங்களா?

— இல்ல. அவர் மன்னிச்சுட்டார்ங்கிற தைரியத்துல இருந்துட்டேன்.

— யாரு மன்னிச்சது?

— ஜேபஸ்தான். உங்க கிளப் புகார் கொடுத்ததும், கால்பந்துச் சங்கம் அடிபட்டவர்கிட்ட எழுத்துல கேட்டது. ஆஸ்பத்திரியில இருந்து அவர் பதில் எழுதினார். 'மிஸ்டர் தோர்ன்லி மேல் தவறில்லை. விளையாட்டில் நேர்ந்த விபத்து.' அதோட விசாரணை முடிஞ்சது. சங்கத்துல இருந்தவன் என்னோட படிச்சவன், கடுதாசிய எனக்கே கொடுத்துட்டான். இதோ, மடிப்பு கிழிஞ்சுபோச்சு. என் கண்ணு எங்க பாத்ததுன்னு ஜேபஸுக்கு நல்லாத் தெரியும். தெரிஞ்சும் என்னைக் காப்பாத்தினார். நாளைக்கு எல்லார் முன்னாடியும் நடந்தத சொல்லப்போறேன். இதையும் படிப்பேன். அன்னிக்கு அந்த மைதானத்துல ஒரே ஒரு கனவான்தான் இருந்தார், அது ஜேபஸ் எண்ட்விசில்னு சொல்லப்போறேன். நீங்க முன்வரிசையில இருக்கணும்.

— அதப் படிக்காதீங்க.

— ஏன்? அவருக்கு அதவிட பெரிய மரியாதை...

— படிக்காதீங்கன்னா படிக்காதீங்க. மத்தது என்ன வேணா சொல்லிக்குங்க.

— ஹெஸ்டரம்மா, உட்காருங்க. நான் ஏதாவது தப்பா...

— எம்புருசனுக்கு அவரு பேரையே எழுதத் தெரியாது, சின்ன முதலாளி. கட்டில்ல படுத்துக்கிட்டு அவரு சொல்லச் சொல்ல எழுதினவ நான். 'வேணும்னேதான் உதைச்சாரு, முழங்காலப் பாத்து உதைச்சாரு'ன்னு சொன்னாரு.

— அப்ப இதுல இருக்கிறது...

— அதுக்கு மொத நாளு உங்கப்பாவோட மேஸ்திரி வந்துட்டுப் போனான். நாங்க இருந்தது மில்லு வீடு. எனக்கு வயித்துல ஏழு மாசம். நல்லபடியா எழுதினா வீடும் இருக்கும், கேட்டு வேலையும் இருக்கும்னான். இல்லன்னா நாப்பது மைலுக்குள்ள எந்த மில்லுலயும் வேலை கிடைக்காதாம். அதுக்கு அந்தப் பக்கம் போய்ப் பிச்சை எடுக்க எனக்குத் தெம்பில்ல.

— ஜேபஸுக்குத் தெரியுமா?

— எழுதி முடிச்சதும் 'படிச்சுக் காட்டு'ன்னாரு. அவரு சொன்னத அப்படியே படிச்சுக் காட்டினேன், நான் எழுதினத இல்ல. 'உண்மைய எழுதிக் குடுத்தும் ஒருத்தனும் நம்பலையே ஹெஸ்டர்'னு முப்பத்தோரு வருசம் என்கிட்டயே சொல்லிட்டு செத்துப்போனாரு.