பூட்டாத புகை வீடு

ஞாயிற்றுக்கிழமை நல்ல வெயில் அடித்தது, இன்ஸ்பெக்டர். படம் பிடிக்கிறவளுக்கு அதைவிட வேறென்ன வேண்டும்?

ரப்பர் ஷீட்டைப் புகையில் உலர்த்தும் அந்தப் புகை வீட்டின் கதவை நான் பூட்டவில்லை. நீங்களே வந்து பார்த்தீர்கள். உள்ளிருந்து தள்ளினால் திறக்கும்.

என் பெயர் நல்லம்மாள். சென்னையில் பி.ஏ. படித்தவள், எங்கள் வம்சத்தில் கையெழுத்துப் போடத் தெரிந்த முதல் ஆள். அப்பா மாயாண்டி, சிலிம் ரிவர் பக்கத்துத் தோட்டத்தில் கங்காணி. விடியற்காலைப் பெரட்டில், ஆள் கணக்கெடுக்கும்போது, அவர் முன்னால் வரிசையாக நிற்கும் ஆட்கள், 'போ' என்று அவர் சொல்லும்வரை மயங்கி விழுவார்களே தவிர நகர மாட்டார்கள். பார்க்கப் பார்க்க எனக்கு வயிறு எரியும். அந்த எரிச்சலில்தான் படம் எடுக்க ஆரம்பித்தேன். என் படங்களில் ராஜா இல்லை, ராணி இல்லை. ஈப்போ போட்டோக் கடையில் வாடகைக்கு எடுத்த கேமரா, நான், இருளாயி.

இருளாயி அதே தோட்டத்தில் ரப்பர் மரம் சீவுகிறவள். என் இரண்டு படங்களில் நடித்திருந்தாள். ஈப்போவில் வேட்டியைத் திரையாகக் கட்டிக் காட்டினோம். அவள் கண்ணைப் பற்றித்தான் எல்லோரும் பேசினார்கள். அவளோடு லயத்து வீடுகளில் குடியிருக்கும் பெண்கள் அவளைக் கேலி செய்யாமல் விடவில்லை.

"என்னாடி துரைசாணி, நாளைக்கு வேலைக்கு வருவியா, சினிமாவுக்குக் கப்பலேறிடுவியாலா?"

"ஏறுனா உங்களையும் கூட்டிப் போறேன், சோத்து மங்கு கழுவ."

மூன்றாவது படத்தின் கதை சின்னது. புகை வீட்டில் அடைபட்ட பெண், யாரும் சொல்லாமல் தானாகக் கதவைத் தள்ளி வெளியே வருகிறாள்.

"எப்பக்கா வெளிய வரணும்?"

"உனக்கு எப்பத் தோணுதோ அப்ப."

"எனக்கு என்னா தெரியும்? நீங்க கையக் காட்டுங்க, வாரேன்."

"காட்ட மாட்டேன். நீயா வா."

சிரித்தாள். "கங்காணி மக சொல்லாம எப்படிலா வாரது?"

அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

அடுப்பை நானே மூட்டினேன். ரப்பர் ஷீட்டுக்குப் போடுவதைவிட ஈர விறகை அதிகமாக வைத்தேன். வெளியே நின்று கேமராவின் கைப்பிடியைச் சுற்றினேன். சன்னலில் அவள் முகம் வந்தது. இருமினாள். என்னையே பார்த்தாள். துளி நடிப்பில்லை, அற்புதமாக இருந்தது. ஒரு கையைத் தூக்கினால் போதும் என்று எனக்குத் தெரியும். தூக்கினால் படம் பொய்யாகிவிடும்.

முகம் கீழே இறங்கியது. கதவுக்குத்தான் போகிறாள் என்று கேமராவை அந்தப் பக்கம் திருப்பினேன்.

பிறகு அவள் உடலைத் தூக்க ஆட்கள் வந்தார்கள். அவள் அம்மா செல்லாயி என்னைத் திட்டவில்லை. "வேலை முடிஞ்சிருச்சாம்மா? கொண்டு போலாமா?" என்று என்னிடம் உத்தரவு கேட்டாள். அதனால்தான் இன்று மறுபடி வந்திருக்கிறேன்.

அவளாகவே வரட்டும் என்று நம்பிக் காத்திருந்ததாக நேற்று வாக்குமூலத்தில் சொன்னேன். அதை அடித்துவிடுங்கள். இருமல் நின்றது எனக்குக் கேட்டது. சற்று நேரத்தில் கேமராவில் பிலிம் சுருளும் தீர்ந்தது. நான் புதுச் சுருள் மாட்டினேன்.