மாப்பிள்ளை கட்டிய ஊஞ்சல்

நியூயார்க் போகும் ரயிலில், பிரின்ஸ்டன் ஜங்ஷனில் ஏறிய இரண்டு தமிழர்கள் என் முன்சீட்டில் உட்கார்ந்தார்கள். கோட்டுப் போட்ட பெரியவர் பேச ஆரம்பித்ததும் என் வாக்மேனை நிறுத்திவிட்டேன்.

"எங்க மாப்பிள்ளைக்கு முதல் வேலையே பொணமா படுத்துக்கறதுதான், சுந்தரம்."

"என்ன சார் சொல்றீங்க!"

"டென்மார்க்ல, சினிமாவுக்கு. அப்புறம் யூனிட் வேன் டிரைவ் பண்ணியிருக்கார், சமைச்சிருக்கார், லைட் தூக்கியிருக்கார். இப்ப நியூயார்க்ல செட் போடறார்."

"மாமி எப்படி ஒத்துக்கிட்டாங்க?"

"எங்க ஒத்துண்டா? நிலையா ஒரு வேலை கிடையாது, இதுல பொணம் வேறயான்னு ஒரே அழுகை. அவரோட ஒரு வார்த்தை பேசலை. கல்யாணத்தன்னிக்குப் பாத்தா, ஸ்கூல் ஹால்ல ஊஞ்சல் தொங்கவிட இடமே இல்லை. ஊஞ்சலையே விட்டுடலாம்னுட்டார் சாஸ்திரிகள். மாப்பிள்ளை வேஷ்டியை மடிச்சுக் கட்டிண்டு, தன்னோட வேன்லேர்ந்து செட் போடற பைப்பெல்லாம் இறக்கி, அரை மணில ஊஞ்சலை நிறுத்திட்டார்."

"பொண்ணும் மாப்பிள்ளையும் உக்காந்தாங்களா?"

"எங்க விட்டா? தாங்குமான்னு பாக்கறேன்னு உங்க மாமி முதல்ல ஏறிட்டா. ஏறினவ இறங்கலை. அவரைத் திரும்பிப் பாத்து, 'மாப்ளே, இன்னும் கொஞ்சம் வேகமா ஆட்டுங்கோ'ங்கறா!"